ஜிப் கண்ட பில் காட்ஸ்

(இரண்டாம் ஆண்டு, இளம் அறிவியல், கணிதம்)

பெரியோர் வாழ்க்கை வரலாறு என்றால் கல்லூரி மலர்களில் நாம் வழக்கமாகப் படிப்பவை நாட்டுத் தலைவர்கள், கவிஞர்கள், நோபல் பரிசு பெற்ற விஞ்ஞானிகள் ஆகியோரின் வரலாறுகளே. அவற்றைப் படித்து வளர்ந்தவர்களில் நானும் ஒருவன். ஆனால் இவ்வாண்டு நான் எழுத எடுத்துக்கொண்டவர் அந்த வரிசையில் சேர்பவரா என்பதில் எனக்கே ஐயம் உண்டு. அவர் எந்த நாட்டையும் ஆளவில்லை. இயற்கையின் புதிய விதி எதையும் கண்டறிந்தவரும் அல்லர். முப்பத்தேழாம் வயதில் ஒரு விடுதி அறையில் தனியே இறந்து கிடந்தார். ஆயினும், இதைப் படிக்கும் பேராசிரியப் பெருமக்களின் கைப்பேசியிலும் மாணவ நண்பர்களின் கைப்பேசியிலும் அவருடைய பெயரின் முதலெழுத்துக்கள் இரண்டும் பல நூறு இடங்களில் எழுதப்பட்டுள்ளன. பிலிப் வால்டர் காட்ஸ் என்பது அவருடைய முழுப்பெயர். பில் காட்ஸ் என்றே உலகம் அவரை அறியும்.

அவரை நான் அறிந்துகொண்ட விதத்தை முதற்கண் சொல்லிவிடுகிறேன்.

சென்ற கோடை விடுமுறையில் என் சித்தப்பா மகன் எங்கள் வீட்டுக்கு வந்திருந்தான். எட்டாம் வகுப்பு முடித்தவன். கையடக்க விளையாட்டுக் கருவி என்ற ஒன்றை யாரோ ஒரு வகுப்புத் தோழன் வீட்டில் பார்த்துவிட்டு, அதைப் போல ஒன்று வேண்டும் என்று நச்சரித்துக்கொண்டிருந்தான். கருவி வாங்கும் வசதி நமக்கு ஏது? கருவி இல்லாமலே அதன் விளையாட்டுக்களைக் கைப்பேசியில் ஆட முடியும் என்று நான் கேள்விப்பட்டிருந்தேன். எமுலேட்டர் என்றொரு நிரல் உண்டு. கைப்பேசிக்குள் அமர்ந்துகொண்டு, தான்தான் அந்தப் பழைய கருவி என்று விளையாட்டை நம்பவைப்பது அதன் வேலை. கூத்தில் ஒரே ஆள் அரிதாரத்தை மாற்றிக்கொண்டு வேறு வேறு வேடம் கட்டுவதில்லையா, அதைப் போன்றது.

நிறுவனங்கள் விற்ற பழைய விளையாட்டுக்கள் அந்தந்த நிறுவனங்களின் உடைமை. அவற்றை எடுத்து ஆடுவது முறையன்று. ஆனால் ஆர்வலர்கள் சிலர் இன்றும் அந்தப் பழைய கருவிகளுக்கெனத் தாமே விளையாட்டுக்களை எழுதி, யாரும் எடுத்துக்கொள்ளலாம் என்று வெளியிடுகின்றனர். அத்தகைய ஒன்றைத் தேடிப் பிடித்தேன். அது ஜிப் என்னும் வகைக் கோப்பாக இருந்தது. பதிவிறக்கம் முக்கால்வாசி ஆனபோது அன்றைய டேட்டா தீர்ந்துவிட்டது. வந்தவரை போதும் என்று எண்ணித் திறந்து பார்த்தேன். கோப்பு பழுதடைந்துள்ளது என்ற ஒரு வரிதான் வந்தது. முக்கால் பங்கு வந்திருந்தும் ஒரு சிறு பகுதிகூடத் திறக்கவில்லை. எனக்கு ஆத்திரம். என் அண்ணனுக்குப் பள்ளியில் அரசு தந்த மடிக்கணினி வீட்டில் இருந்தது. அண்ணன் பன்னிரண்டாம் வகுப்போடு நிறுத்திக்கொண்டு திருப்பூருக்குப் பனியன் கம்பெனி வேலைக்குப் போய்விட்டான். மடிக்கணினி எனக்கு வந்தது. அதில் அந்தக் கோப்பை மாற்றி, கடிதம் எழுதும் நிரல் ஒன்றால் வலிந்து திறந்தேன். கட்டங்களும் கோணல் கோடுகளும் கேள்விக்குறிகளுமாகத் திரை நிறைந்தது. ஒன்றும் விளங்கவில்லை. ஆனால் அந்தக் குப்பையின் தொடக்கத்தில், மிகத் தெளிவாக, இரண்டு ஆங்கில எழுத்துக்கள் நின்றன. பி, கே.

வேறொரு ஜிப் கோப்பைத் திறந்தேன். அதிலும் பி, கே. கல்லூரியிலிருந்து வந்த தேர்வு அட்டவணைக் கோப்பைத் திறந்தேன். அதிலும் அதே எழுத்துக்கள்.

கல்லூரி திறந்ததும் கணிப்பொறி அறிவியல் துறை விரிவுரையாளர் அம்மையாரிடம் இதைக் கேட்டேன். அது ஒரு மனிதருடைய பெயர் என்றார். நான் ஏதோ தொழில்நுட்பச் சுருக்கக் குறியாக இருக்கும் என்று நினைத்திருந்தேன். ஒரு மனிதர் தம் பெயரை உலகத்துக் கோப்புகளின் நெற்றியில் எல்லாம் எழுதிவைத்துவிட்டுப் போயிருக்கிறார் என்பது எனக்குப் பெரும் வியப்பாக இருந்தது. அன்று தொடங்கிய தேடலின் விளைவே இக்கட்டுரை.

பில் காட்ஸ் 1962 ஆம் ஆண்டு நவம்பர் 3 ஆம் நாள் அமெரிக்காவின் விஸ்கான்சின் மாநிலத்து மில்வாக்கி நகரில் பிறந்தார். தந்தையார் வால்டர், தாயார் ஹில்டகார்ட். இளமையில் ஆஸ்துமா நோய் அவரை வாட்டியது. மற்றப் பிள்ளைகள் ஓடியாடும் வேளையில் இவர் வீட்டுக்குள்ளேயே இருந்தார். தந்தையும் மகனும் மாலைப்பொழுதுகளில் சதுரங்கம் ஆடினர். நிரல் எழுதத்தக்க கணிப்பான் ஒன்றை வைத்துக்கொண்டு அதற்கு நிரல்கள் எழுதினர். அத்தகைய கணிப்பானில் நினைவிடம் மிகக் குறைவு. பத்துக் கட்டளைகளில் செய்வதை ஏழில் செய்தாக வேண்டும். சிறிய இடத்தில் பெரிய காரியத்தை அடக்கும் பழக்கம் அந்த மேசையில்தான் அவருக்கு வந்திருக்க வேண்டும் என்பது என் துணிபு. விஸ்கான்சின் பல்கலைக்கழகத்தின் மில்வாக்கி வளாகத்தில் கணிப்பொறி அறிவியலில் பட்டம் பெற்று 1984 இல் வெளிவந்தார். ஆலன் பிராட்லி என்னும் நிறுவனத்தில், தொழிற்சாலை இயந்திரங்களை இயக்கும் கட்டுப்பாட்டுக் கருவிகளுக்கு நிரல் எழுதும் வேலை கிடைத்தது. மகன் பட்டம் பெற்றதைப் பார்க்கத் தந்தையார் உயிருடன் இல்லை.

நிற்க. அக்காலத்து அமெரிக்கக் கணிப்பொறி ஆர்வலர்களின் நிலையைச் சற்றே சொன்னால்தான் காட்ஸ் செய்த காரியத்தின் அருமை விளங்கும். இன்றைய இணையம் அப்போது பொதுமக்களுக்கு எட்டவில்லை. வீட்டுத் தொலைபேசிக் கம்பியில் மோடம் என்னும் பெட்டியை இணைத்து, அறிவிப்புப் பலகை நிலையம் எனத்தக்க மற்றொருவர் கணிப்பொறியை அழைத்து, அதிலிருந்து கோப்புகளை எடுத்துக்கொள்வர். நொடிக்கு 2400 பிட் என்பதே அன்று நல்ல வேகம். ஒரு கணக்குப் போட்டுப் பார்த்தேன். ஓர் எழுத்துக்கு முன்னும் பின்னும் வரும் குறிகளையும் சேர்த்துப் பத்துப் பிட் என்று வைத்துக்கொண்டால், நொடிக்கு 240 எழுத்து. நூறு கிலோபைட் கோப்பு ஒன்று வந்துசேர ஏழு நிமிடத்துக்கு மேல் ஆகும். அதுவரை தொலைபேசிக் கட்டணம் ஓடிக்கொண்டே இருக்கும். கோப்பைப் பாதியாகச் சுருக்கித் தருபவன் பாதிக் கட்டணத்தை மிச்சப்படுத்தித் தருபவன். டேட்டா தீர்ந்து கைபிசைந்து நின்ற எனக்கு அவர்கள் நிலை உடனே புரிந்துவிட்டது.

ஒரு கோப்பை எப்படிச் சுருக்குவது? இதை நான் புத்தகத்தில் படிப்பதற்கு முன்பே என் சித்தப்பாவின் நோட்டில் பார்த்திருக்கிறேன் என்பது பிறகுதான் விளங்கியது. சித்தப்பா மோட்டாருக்குக் காயில் கட்டுபவர். எரிந்துபோன மோட்டார் வந்தால், பழைய கம்பியைப் பிரிக்கும்போதே எண்ணி நோட்டில் குறித்துக்கொள்வார். 24 ஸ்லாட், காயிலுக்கு 60 சுற்று, இன்ன கேஜ் கம்பி. அவ்வளவுதான். நூற்றுக்கணக்கான சுற்றுக்களை ஒவ்வொன்றாக யாரும் வரைந்து வைப்பதில்லை. ஒரு சுற்றைச் சொல்லி, அது எத்தனை முறை என்று சொன்னால் போதும். அந்த ஒரு வரியிலிருந்து முழு மோட்டாரையும் மீண்டும் கட்டிவிடலாம். என் சிறுவயதில் சுற்று எண்ணும் வேலையை அவர் என்னிடம் கொடுப்பதுண்டு. எனக்கு முதலில் கணக்குச் சொல்லித்தந்தவர் அவரே.

கோப்புச் சுருக்கமும் இந்த வழியில்தான் நடக்கிறது. 1977 இல் ஆபிரகாம் லெம்பல், யாக்கோப் சிவ் என்ற இரு இஸ்ரேல் நாட்டு அறிஞர்கள் ஒரு முறையை வெளியிட்டனர். முன்பு வந்த தொடர் ஒன்று மறுபடியும் வந்தால் அதை மறுபடி எழுதாதே. இத்தனை எழுத்துக்கு முன்னால் போ, அங்கிருந்து இத்தனை எழுத்தை எடுத்துக்கொள் என்று மட்டும் குறித்துவை என்பதே அதன் சாரம். இதற்கும் கால் நூற்றாண்டுக்கு முன்னர், 1951 இல், டேவிட் ஹஃப்மன் என்ற அமெரிக்க மாணவர் மற்றொரு வழி கண்டார். அடிக்கடி வரும் எழுத்துக்குச் சிறிய குறி, அரிதாக வரும் எழுத்துக்கு நீண்ட குறி என்று வைத்தால் மொத்த நீளம் குறையும். ஈய எழுத்துக்களைக் கோத்து அச்சடித்த காலத்தில் அதிகம் புழங்கும் எழுத்துக்களைக் கைக்கு எட்டும் அறைகளில் வைத்த அச்சுக்கோப்பாளரின் அறிவும் இதுவே. ஹஃப்மன் இதைக் கண்டது, இறுதித் தேர்வு எழுதுவதற்குப் பதில் ஒரு கட்டுரை எழுதித் தரலாம் என்று பேராசிரியர் அனுமதித்ததால்! இதை நம் பேராசிரியர்களின் மேலான கவனத்துக்குப் பணிவுடன் கொண்டுவருகிறேன்.

இவற்றை எல்லாம் காட்ஸ் கண்டுபிடிக்கவில்லை. அவர் கதை இங்கே சற்றுச் சிக்கலாகிறது. மறைக்காமல் சொல்வதே வரலாறு எழுதுபவன் கடமை.

1985, 86 ஆம் ஆண்டுகளில் கோப்புகளைக் கட்டிச் சுருக்குவதற்கு ஏஆர்சி என்ற நிரலே பெரிதும் வழங்கியது. தாம் ஹென்டர்சன் என்பவர் தம் குடும்பத்தாருடன் நடத்திய ஒரு சிறு நிறுவனத்தின் படைப்பு அது. அதன் மூல நிரலை அவர்கள் எல்லோரும் படிக்கும்படி வெளியிட்டிருந்தனர். காட்ஸ் அதை எடுத்து, முக்கியப் பகுதிகளை இயந்திரத்துக்கு மிக நெருங்கிய அசெம்பிளி மொழியில் எழுதி, பன்மடங்கு வேகமாக ஓடும் நிரலாக ஆக்கினார். பிகேஆர்க் என்று தம் முதலெழுத்துக்களைச் சேர்த்துப் பெயரிட்டார். 1986 இல் தாயார் வீட்டுச் சமையலறை மேசையில் பிகேவேர் என்னும் நிறுவனம் பிறந்தது. பயன்படுத்திப் பார், பிடித்தால் பணம் அனுப்பு என்ற முறையில் நிரலைப் பரப்பினார். காசோலைகள் தபாலில் வரத் தொடங்கின. தாயும் மகனும் சேர்ந்து நிறுவனத்தை நடத்தினர்.

1988 இல் ஹென்டர்சன் நிறுவனம் வழக்குத் தொடுத்தது. தங்கள் நிரலிலிருந்தே காட்ஸ் எடுத்துக்கொண்டார் என்பது குற்றச்சாட்டு. இரண்டு நிரல்களையும் ஒப்பிட்டுப் பார்த்த வல்லுநர், விளக்கக் குறிப்புகள் கூட ஒன்றாக இருப்பதையும், எழுத்துப் பிழைகளே இரண்டிலும் அதே இடத்தில் அப்படியே இருப்பதையும் கண்டார். தேர்வில் பார்த்து எழுதி அகப்பட்ட கதைதான். அவ்வாண்டு ஆகஸ்டில் சமரசம் ஏற்பட்டது. காட்ஸ் மொத்தம் 62,500 டாலர் செலுத்தினார்; 1989 ஜனவரிக்குப் பின் ஏஆர்சி வகை நிரலை வெளியிடுவதில்லை என்று ஒப்புக்கொண்டார்.

ஆனால் ஊர் என்ன செய்தது தெரியுமா? வழக்கில் தோற்றவர் பக்கம் நின்றது. பெரிய நிறுவனம் ஒன்று தனிமனிதனை நசுக்குகிறது என்று அறிவிப்புப் பலகை நிலையங்களில் ஒரே கூச்சல். உண்மையில் ஹென்டர்சனுடையதும் வீட்டுத் திண்ணை நிறுவனம் போன்றதே. அவருக்கு நேர்ந்த அநியாயத்தை இன்று யாரும் பேசுவதில்லை. காட்ஸின் வரலாற்றை எழுத வந்த நான் இந்த இடத்தில் ஹென்டர்சன் பக்கமே நிற்கிறேன். பிறர் எழுதியதை எடுத்துத் திருத்தி வேகப்படுத்துவது திறமைதான். ஆனால் கேட்டு எடுத்திருக்கலாம்.

இனி வருவது காட்ஸின் உண்மையான பெருமை. ஏஆர்சி வகையைக் கைவிட வேண்டிய கட்டாயத்தால் அவர் தமக்கென்று ஒரு புதிய வகையை வகுத்தார். விரைவைக் குறிக்கும் ஜிப் என்ற சொல் அதற்குப் பெயராயிற்று. 1989 இன் தொடக்கத்தில் பிகேஜிப் வெளிவந்தது. தாம் பட்ட அடி அவருக்கு ஒரு பாடத்தைக் கற்பித்திருக்க வேண்டும். கோப்பு எப்படி அமைகிறது, எந்த எண்ணுக்குப் பின் எந்த எண் வரும் என்பதை எல்லாம் ஓர் ஆவணமாக எழுதி, நிரலோடு சேர்த்தே வழங்கினார். இந்த அமைப்பு யாவருக்கும் பொது; யார் வேண்டுமானாலும் இதைப் படிக்கும் நிரலையும் எழுதும் நிரலையும் ஆக்கிக்கொள்ளலாம் என்று அறிவித்தார். தம் நிரலை விற்றார். ஆனால் கோப்பின் இலக்கணத்தை உலகுக்கு விட்டுக்கொடுத்தார். இலக்கணம் பொதுவானதால்தான் இன்று எந்தக் கணிப்பொறியிலும் எந்தக் கைப்பேசியிலும் யாருக்கும் பணம் கட்டாமல் நாம் ஜிப்பைப் பிரிக்கிறோம்.

1993 இல் வந்த 2.04 பதிப்பு டிஃப்ளேட் என்னும் முறையைப் பரவலாக்கியது. லெம்பல், சிவ் வழியையும் ஹஃப்மன் வழியையும் காட்ஸ் ஒன்றாகப் பிணைத்த முறை அது. முதலில் 32 கிலோபைட் தொலைவுவரை பின்னோக்கிப் பார்த்து, திரும்ப வந்தவற்றை எல்லாம் குறியாக்கும். மூன்று எழுத்து முதல் 258 எழுத்துவரை ஒரே குறியில் அடங்கும். பிறகு அந்தக் குறிகளுக்கே சிறிது, பெரிது பார்த்து ஹஃப்மன் குறி இடும். இந்த முறையின் விவரம் 1996 இல் இணையத்தின் பொது ஆவணங்களில் ஒன்றாக இடம்பெற்றது. இணையப் பக்கங்களில் வரும் பிஎன்ஜி வகைப் படங்களும் இதே முறையால் சுருக்கப்படுபவையே. ஜிப் பெட்டிக்கு இன்னும் நெருங்கிய உறவினர் உண்டு. ஆண்ட்ராய்டு கைப்பேசியில் நாம் நிறுவும் ஒவ்வொரு செயலியும் உண்மையில் ஒரு ஜிப் பெட்டி. வேர்டு நிரலில் தட்டச்சு செய்து சேமிக்கும் கோப்பும் அவ்வாறே. தேர்வு அட்டவணைக் கோப்பின் நெற்றியில் நான் பி, கே கண்டது அதனால்தான். இம்மலர்க் குழுவினரிடம் நான் கொடுத்துள்ள இக்கட்டுரைக் கோப்பும் அந்த இரண்டெழுத்தில்தான் தொடங்குகிறது.

பி என்பதற்குக் கணிப்பொறியில் எண் 80. கே என்பதற்கு 75. பெட்டிக்குள் இருக்கும் ஒவ்வொரு கோப்புக்கும் முன்னால் இந்த இரண்டு எண்களும், அவற்றைத் தொடர்ந்து 3, 4 என்ற எண்களும் நிற்கும். எல்லாக் கோப்புகளும் முடிந்தபின், பெட்டியின் கடைசியில் ஒரு பட்டியல். எந்தக் கோப்பு எங்கே தொடங்குகிறது, பிரித்தால் எவ்வளவு பெரிதாகும், பிரித்தது சரிதானா என்று சரிபார்க்கும் எண் என்ன என்பன அதில் இருக்கும். பட்டியலின் ஒவ்வொரு வரியும் பி, கே என்றே தொடங்கும். எல்லாவற்றுக்கும் இறுதியில், பெட்டி முடிந்தது என்னும் முத்திரை. அதுவும் பி, கே. புத்தகத்தின் பொருளடக்கத்தைக் கடைசிப் பக்கத்தில் வைத்ததற்குக் காரணம் உண்டு. புதிய கோப்பு ஒன்றைச் சேர்க்கும்போது முன்னால் இருப்பதை எல்லாம் நகர்த்த வேண்டாம். கடைசியில் சேர்த்துப் பட்டியலை மட்டும் புதிதாக எழுதினால் போதும். அதனால்தான் எனக்கு வந்த முக்கால் பங்குக் கோப்பு திறக்கவில்லை. பட்டியல் வராத கால் பங்கில் இருந்தது!

புகழும் பணமும் காட்ஸுக்கு முப்பது வயதுக்குள் வந்துவிட்டன. பெரிய நிறுவனங்கள் எல்லாம் பிகேஜிப்புக்குப் பணம் கட்டி உரிமம் பெற்றன. அவரோ கூட்டம் விரும்பாதவர், வணிகத்தில் நாட்டமில்லாதவர், இரவெல்லாம் நிரல் எழுதுவதே அவருக்குப் பிடித்த வேலை. உலகம் விண்டோஸுக்கு மாறியபோது அவர் அதில் அக்கறை காட்டவில்லை. அவர் பொதுவாக்கிய அதே இலக்கணத்தைக் கொண்டு பிறர் எழுதிய வின்ஜிப் போன்ற நிரல்கள் அந்த இடத்தைப் பிடித்துக்கொண்டன. அதை அவர் தடுக்க முயலவில்லை; தடுக்கவும் இயலாது. கதவைத் திறந்து வைத்தவர் அவரே அல்லவா?

குடிப்பழக்கம் அவரைப் பற்றிக்கொண்டது. குடித்துவிட்டுக் கார் ஓட்டியதற்காக 1990 களில் பலமுறை கைதானார். அலுவலகத்துக்கு வருவது குறைந்தது. வீடு குப்பை மண்டிக் கிடந்தது. அண்டை வீட்டார் முறையிட்டு, ஊர் நிர்வாகமே வந்து அதைத் துப்புரவு செய்யும் நிலை ஏற்பட்டது. குடும்பத்தாரை விட்டும் விலகினார். சொந்த வீட்டில் தங்காமல் மலிவான விடுதிகளில் மாறி மாறித் தங்கினார். 2000 ஆவது ஆண்டு ஏப்ரல் 14 ஆம் நாள் மில்வாக்கியில் ஒரு விடுதி அறையில் இறந்து கிடந்தார். அருகில் காலி மதுப் புட்டிகள். நெடுநாள் குடியால் கணையத்தில் ஏற்பட்ட இரத்தப்போக்கே சாவுக்குக் காரணம் என்று மருத்துவர்கள் கண்டனர்.

இந்தப் பகுதியை விட்டுவிடலாமே என்று என் நண்பன் ஒருவன் சொன்னான். மலரில் வரும் வரலாறுகளில் இப்படி எழுதும் வழக்கம் இல்லை என்பது அவன் வாதம். நானும் இரண்டு நாள் யோசித்தேன். சித்தப்பா என்று மேலே எழுதினேனே, அவரும் இதே வழியில் போனவர்தாம். வயது நாற்பத்தொன்று. எங்கள் வட்டாரத்தில் அவரைப் போலக் காயில் கட்டத் தெரிந்தவர் இல்லை என்று இப்போதும் சொல்வார்கள். அவர் கட்டிய மோட்டார்கள் இன்றும் தோட்டங்களில் ஓடுகின்றன. துக்கத்துக்கு வந்தவர்கள் எல்லாம் அவர் கைராசியைப் பற்றித்தான் பேசினார்கள். எதனால் போனார் என்பதைப் பற்றி ஒருவரும் வாய்திறக்கவில்லை. கடைசி ஆறு மாதம் அவருடைய கை நடுங்கி, சுற்று எண்ண முடியாமல், எண்ணுவதற்கு என்னை வரச்சொல்லி ஆள் அனுப்பியதையும், எனக்குப் பொதுத்தேர்வு என்று நான் போகாமல் இருந்ததையும் நான் யாரிடமும் சொன்னதில்லை. ஆகவே காட்ஸின் முடிவை நான் விட்டுவிடவில்லை. அறிவாளிகளைக் குடி தீண்டாது என்று என் சித்தி இன்னும் நம்பிக்கொண்டிருக்கிறார். தம் கணவர் அறிவில்லாமல் குடித்தார் என்று ஊரார் சொன்னதை ஏற்றுக்கொண்டுவிட்டார். காட்ஸ் அறிவில் குறைந்தவரா? இந்தக் கேள்விக்கு விடை தெரிந்தவர்கள் மேலே படியுங்கள்.

ஒரு செய்தி என்னை வெகுவாகப் பாதித்தது. கேம் பாய் என்ற புகழ்பெற்ற கையடக்க விளையாட்டுக் கருவி ஜப்பானில் வெளிவந்தது 1989 ஏப்ரலில். ஜிப் பிறந்த அதே ஆண்டு. அதன் டெட்ரிஸ் விளையாட்டு முழுவதும் அடங்கியது 32 கிலோபைட்டில். டிஃப்ளேட் பின்னோக்கிப் பார்க்கும் தொலைவும் அதே 32 கிலோபைட் என்பது தற்செயல்தான். ஆனாலும் கணித மாணவனுக்கு இத்தகைய ஒற்றுமைகளில் ஒரு மகிழ்ச்சி. அதன் வழித்தோன்றலான கேம் பாய் அட்வான்ஸ் வந்தது 2001 இல். அதற்குள் காட்ஸ் மறைந்து ஓர் ஆண்டு ஆகிவிட்டது. எங்கள் சிறுவன் கேட்டது இந்தக் கருவியின் விளையாட்டைத்தான். இவ்வகை விளையாட்டுக் கோப்புகளில் கடைசியில் இடம் மிஞ்சினால் ஒரே எண்ணைத் திரும்பத் திரும்ப எழுதி நிரப்பிவைப்பது வழக்கம். காலி ஸ்லாட்டுகள் நிறைந்த மோட்டாரைப் போல. ஜிப்புக்கு அது அல்வா சாப்பிடுவதைப் போன்றது. எனக்கு வந்த பெட்டி ஒன்றேகால் மெகாபைட். பிரித்ததும் விளையாட்டு மட்டும் நான்கு மெகாபைட்.

மறுநாள் டேட்டா வந்ததும் மீண்டும் முதலிலிருந்து பதிவிறக்கினேன். இம்முறை முழுதாக வந்தது. உள்ளே மூன்று கோப்புகள்: விளையாட்டு, அதை ஆடும் முறை, அதை எழுதியவர் தந்த அனுமதிக் குறிப்பு. மடிக்கணினியில் மறுபடியும் வலிந்து திறந்து எண்ணிப் பார்த்தேன். கோப்புகளுக்கு முன்னால் மூன்று, பட்டியலில் மூன்று, முத்திரையில் ஒன்று. ஆக ஏழு இடங்களில் அவர் பெயர். கணக்குச் சரியாக இருந்தது. உள்ளே எத்தனை கோப்பு இருக்கிறதோ அதன் இருமடங்கோடு ஒன்று கூட்டினால் பெயரின் எண்ணிக்கை வந்துவிடும்.

விளையாட்டைப் பிரித்து எடுத்துத் தம்பியின் கைப்பேசியில் போட்டுக் கொடுத்தேன். பிரிக்காமலே ஜிப்பை அப்படியே திறக்கும் வல்லமை பல எமுலேட்டர்களுக்கு உண்டு என்பதை அறிந்தது பின்னால்தான். அன்று பட்ட பாடு வீண் என்று யாரும் சொல்ல வேண்டாம். அவன் திண்ணையில் சாய்ந்துகொண்டு ஆடத் தொடங்கினான். சுற்று எண்ணும்போது சித்தப்பாவின் உதடுகள் அசையும். ஆட்டத்தில் மூழ்கியதும் இவனுக்கும் அப்படியே அசைந்தன. சற்று நேரத்தில், கைப்பேசியில் இடம் போதவில்லை அண்ணா என்று சொல்லி ஜிப் பெட்டியை அழித்துவிட்டான். அவன் ஆடிக்கொண்டிருந்த எமுலேட்டர் செயலியே ஒரு ஜிப் பெட்டிதான் என்று சொல்ல வாயெடுத்தேன். அவன் மூன்றாம் கட்டத்தைத் தாண்டிக்கொண்டிருந்ததால் சொல்லவில்லை.